பெட்டிசத்தால் விழும் பிரதமர்கள்

தாய்லாந்து மொழியிலே 'நக் ரோங்' என்றொரு சொல் வழங்குகிறது. பாடகன் என்பது அதன் நேர்ப்பொருள். 'ரோங்' என்னும் வினைக்குப் பாடுதல் என்பதோடு கூவுதல், முறையிடுதல் என்னும் பொருள்களும் உண்டாகையால், அந்நாட்டுப் பத்திரிகைகள் அச்சொல்லை வேறொரு வகுப்பாருக்கும் சூட்டி நகைக்கின்றன. இன்று தேர்தல் ஆணைக்குழு, நாளை ஊழல் தடுப்பு ஆணைக்குழு, மறுநாள் குறைகேள் அதிகாரியின் கந்தோர் என்று கோப்புக் கட்டோடு படியேறி, அரசியல் எதிராளிகள்மீது முறைப்பாடு கொடுப்பதையே தொழிலெனக் கொண்டவர்கள் இவர்கள். நம் ஊர் வழக்கிலே சொன்னால் பெட்டிசக்காரர்.

பெட்டிசம் நமக்குப் புதியதன்று. ஒரு கதியால் அரைமுழம் நகர்ந்ததற்காக இரண்டு தலைமுறை வழக்காடிய குடும்பங்கள் வாழ்ந்த மண் நம்முடையது. அவ்வழக்குகளினால் வயிறு வளர்த்த தொழிலைச் சேர்ந்தவனே இக்கட்டுரையாளனும். ஆனால் நம் பெட்டிசத்தால் ஒரு விதானையார் இடம் மாற்றப்படுவார். மிஞ்சினால் ஓர் எழுதுவினைஞரின் உத்தியோகம் ஆட்டங்காணும். தாய்லாந்திலோ பிரதம மந்திரிகள் பதவி இழந்திருக்கிறார்கள், ஒரு கோடியே நாற்பது இலட்சம் வாக்குப் பெற்ற கட்சி கலைந்திருக்கிறது. அது எவ்வாறு இயலுவதாயிற்று என்பதைச் சட்டக் கண்ணோடு பார்ப்பது நமக்குப் பயன்படும். காரணத்தைப் பின்னே சொல்வேன்.

முதலிலே சமையல் வழக்கு. 2008ஆம் ஆண்டு ஜனவரியிலே சமக் சுந்தரவேஜ் பிரதம மந்திரியானார். அரசியலில் முதிர்ந்தவர், கடுஞ்சொல் பேசுபவர், சமையலிலே பெருவிருப்புடையவர். பதவிக்கு வருமுன் பல ஆண்டுகளாகத் தொலைக்காட்சியிலே சமையல் நிகழ்ச்சி ஒன்றை நடத்திவந்தார்; பதவிக்கு வந்த பின்னரும் சில தடவை தோன்றினார். பிரதம மந்திரியோ மந்திரியோ தனியார் நிறுவனத்தின் ஊழியராக இருத்தலாகாது என்பது 2007ஆம் ஆண்டு அரசியலமைப்பின் 267ஆம் பிரிவு. அவ்வேளையில் மூதவை உறுப்பினராயிருந்த ருவாங்கிராய் லீகிட்வத்தானா இதனைப் பற்றிக்கொண்டார். அவருடைய முறைப்பாடு மூதவையினர் ஒரு குழுவினதும் தேர்தல் ஆணைக்குழுவினதும் மனுக்களாக அரசியலமைப்பு நீதிமன்றத்தை அடைந்தது. பிரயாணச் செலவும் கறிசாமான் வாங்கிய செலவுமே பெற்றதாகச் சமக் சொன்னார். தொழிற் சட்டத்தின்படி அவர் ஊழியரல்லர் என்றும் வாதிக்கப்பட்டது. நீதிமன்றமோ, அரசியலமைப்பில் வரும் 'ஊழியர்' என்னும் சொல்லுக்குத் தொழிற் சட்டத்தின் ஒடுங்கிய பொருளைக் கொள்ளல் தகாது எனக் கூறி, அகராதியை எடுத்து விரித்தது. 2008 செப்டம்பர் 9ஆம் நாள் ஒன்பது நீதிபதிகளும் ஒருமுகமாகத் தீர்ப்பளித்தனர். பிரதம மந்திரி பதவி இழந்தார்.

அதற்கு இரண்டு கிழமைக்கு முன்னர், ஆகஸ்ட் 26ஆம் நாள் தொடக்கம், மஞ்சட் சட்டைக் கூட்டத்தார் அரசாங்க மாளிகையையே கைப்பற்றி முற்றத்திலே குந்தியிருந்தார்கள் என்பதை மறக்கலாகாது. அத்தனை பேர் கூடியும் அசைக்க முடியாத மனிதரை அகராதியின் ஒரு சொல் அசைத்துவிட்டது. சமக்கின் அரசியலை நான் விரும்பியவனல்லன். எனினும், நாடாண்டவரைச் சட்டியும் அகப்பையும் வைத்து வீழ்த்திய தீர்ப்பை ஒரு சட்டத்தரணி படிக்கும்போது அவனுக்கு வரும் சிரிப்பிலே கொஞ்சம் அச்சமும் கலந்தே வரும்.

ருவாங்கிராய் அத்தோடு ஓய்ந்தவரல்லர். பதினைந்து ஆண்டுகளின் பின் மறுபடி அவர் பெயர் உலகப் பத்திரிகைகளிலே வந்தது. இடையிலே அவர் கட்சி மாறியிருந்தார். இப்போது இராணுவத் தலைவர்களுக்கு அணுக்கமான பலாங் பிரசாரத் கட்சியைச் சேர்ந்தவர். 2023 மே 14ஆம் நாள் பொதுத் தேர்தல். அதற்கு நான்கு நாள் முன்னதாக, மே 10ஆம் நாள், அவர் தேர்தல் ஆணைக்குழுவுக்குப் போனார். 'முன்னேறுவோம்' என்று பொருள்படும் பெயரையுடைய காவ் கிளாய் கட்சியின் தலைவர் பிட்டா லிம்ஜரோன்ராத், ஐ.டி.வி. என்ற ஒளிபரப்பு நிறுவனத்திலே 42,000 பங்குகள் வைத்திருக்கிறார், ஆகவே வேட்பாளராக நிற்கத் தகுதியற்றவர் என்பது முறைப்பாடு.

ஐ.டி.வி. 2007ஆம் ஆண்டோடு ஒளிபரப்பை நிறுத்திவிட்ட நிலையம். அதன் மொத்தப் பங்குகள் 120 கோடிக்கு மேல். அதிலே 42,000 என்றால் நூற்றில் ஒன்றும் அன்று, ஆயிரத்தில் ஒன்றும் அன்று, பத்தாயிரத்தில் ஒன்று என்பதற்கும் குறைவு. இறந்துபோன தகப்பனாரின் சொத்துக்கு மரணசாதனத்தை நிறைவேற்றுபவர் என்ற முறையிலேயே தாம் அவற்றை வைத்திருந்ததாகப் பிட்டா சொன்னார். பத்திரிகை, ஒலிபரப்பு முதலியவற்றின் உரிமையாளரோ பங்காளரோ தேர்தலில் நிற்கலாகாது என்னும் விதி, பெருஞ் செல்வர்கள் ஊடகத்தை விலைக்கு வாங்கி அரசியலையும் விலைக்கு வாங்குவதைத் தடுக்க எழுந்தது. இந்த ஐ.டி.வி.யையே ஒருகாலத்தில் தக்சின் ஷினவாத்ராவின் நிறுவனம் வாங்கியிருந்தது. திமிங்கிலத்துக்கு விரித்த வலையிலே நெத்தலி அகப்பட்டது. வலை விரித்தவர்கள் கரையில் நின்று, மீன் மீன்தானே என்றார்கள்.

தேர்தல் முடிந்தது. ஐந்நூறு ஆசனங்களில் 151ஐ வென்று காவ் கிளாய் முதலிடம் பெற்றது. ருவாங்கிராயினதும் வேறு இருவரினதும் முறைப்பாடுகளைத் தேர்தல் ஆணைக்குழு காலங்கடந்தவை என்று தள்ளியது. தள்ளிய கையோடு, தானே அவ்விடயத்தை விசாரிக்கத் தொடங்கியது. மனு செத்துப்போய், மனுவின் பொருள் மட்டும் உயிரோடு எழுந்து நடந்த அதிசயத்தை வேறெங்கே காண்பது? ஜூலை 12ஆம் நாள் ஆணைக்குழு அதனை அரசியலமைப்பு நீதிமன்றத்துக்கு அனுப்பியது. மறுநாள் 13ஆந் தேதி பிரதம மந்திரியைத் தெரிவுசெய்ய இரு சபைகளும் கூடின. இராணுவ ஆட்சியினர் தேர்ந்தமர்த்திய மூதவை 250 உறுப்பினரும் அத்தெரிவிலே வாக்களிக்க அன்றைய அரசியலமைப்பு இடங்கொடுத்திருந்தது. பிட்டாவுக்கு 324 வாக்குகள் கிடைத்தன, அவை போதவில்லை. 19ஆந் தேதி அவர் பெயரை மறுபடி பிரேரிக்கலாமா என்று சபையிலே விவாதம் நடந்துகொண்டிருக்கையில், உறுப்பினர் கடமையிலிருந்து அவரை இடைநிறுத்தும் நீதிமன்றக் கட்டளை வந்து சேர்ந்தது. அவர் எழுந்து வெளியேறினார்.

ஆறு மாதங்களின் பின், 2024 ஜனவரி 24ஆம் நாள், எட்டு நீதிபதிகள் ஒருபுறமும் ஒருவர் மறுபுறமுமாக அதே நீதிமன்றம் அவரைக் குற்றமற்றவர் என விடுவித்தது. ஐ.டி.வி. ஊடகத் தொழில் நடத்தும் நிறுவனமாகவே இருக்கவில்லை என்பது தீர்ப்பின் சாரம். இதற்கிடையில் 2023 ஆகஸ்டிலே ஸ்ரெத்தா தவிசின் பிரதம மந்திரியாகி ஐந்து மாதம் கழிந்திருந்தது. விடுதலை பெற்றவருக்கு அந்த ஜூலையைத் திருப்பிக் கொடுக்கும் அதிகாரம் எந்த நீதிபதிக்கும் இல்லை. முறைப்பாடு தோற்றது எனச் சட்ட அறிக்கைகள் பதிவுசெய்யும். தோற்ற முறைப்பாடு எதைச் சாதித்தது என்பதை நீங்களே கணித்துக்கொள்ளலாம்.

இரண்டாவது மனிதர் தீராயுத் சுவன்கேசோன். இவர் சட்டத்தரணி. இவர் கையாண்ட ஆயுதம் 2017ஆம் ஆண்டு அரசியலமைப்பின் 49ஆம் பிரிவு. அரசனைத் தலைவனாகக் கொண்ட ஜனநாயக ஆட்சியைக் கவிழ்க்கத் தன் உரிமைகளை எவரேனும் பயன்படுத்துவதாகத் தெரியவந்தால், எந்த ஒருவரும் சட்டமா அதிபரிடம் மனுச்செய்யலாம். அவர் மறுத்தாலோ, பதினைந்து நாளுக்குள் ஒன்றுஞ் செய்யாதிருந்தாலோ, மனுதாரர் நேரே அரசியலமைப்பு நீதிமன்றத்துக்குப் போகலாம். மனுதாரருக்குத் தீங்கு நேர்ந்திருக்க வேண்டியதில்லை. அவருக்கு இவ்விடயத்திலே தனிப்பட்ட நலன் உண்டா என்று கேட்பாருமில்லை.

காவ் கிளாய் கட்சி, அரசனை இகழ்வதைக் குற்றமாக்கும் 112ஆம் பிரிவைத் திருத்துவோம் என்று தேர்தலிலே வாக்குறுதி கொடுத்திருந்தது. ஒவ்வொரு குற்றத்துக்கும் மூன்று முதல் பதினைந்து ஆண்டு வரை மறியல் விதிக்கும் பிரிவு அது. அதன் கீழும் எவரும் எந்தப் பொலிஸ் நிலையத்திலும் முறைப்பாடு கொடுக்கலாம். ஆகவே திருத்தம் கேட்டவர்களின் நோக்கங்களுள் ஒன்று, முறைப்பாடு செய்யும் அந்தக் கட்டற்ற உரிமைக்கு ஒரு கட்டு வைப்பதாயிருந்தது. அதற்கு எதிராக எழுந்ததும் அதே வகையான கட்டற்ற உரிமை. திருத்த வேண்டும் என்று சொன்னதே ஆட்சிக் கவிழ்ப்பு முயற்சி என்றார் தீராயுத். நீதிமன்றம் அம்மனுவை ஏற்றுக்கொண்ட நாளும் ஜூலை 12, பிரதம மந்திரித் தெரிவுக்கு முந்தியநாள். 2024 ஜனவரி 31ஆம் நாள் மனுதாரர் பக்கம் தீர்ப்பாயிற்று. மறுநாளே தீராயுத்தும் ருவாங்கிராயும் தேர்தல் ஆணைக்குழுவுக்குச் சென்று கட்சியைக் கலைக்கக் கோரினார்கள். ஆகஸ்ட் 7ஆம் நாள் கட்சி கலைக்கப்பட்டது. பிட்டா உட்பட நிருவாகிகள் பதினொருவர் பத்தாண்டு அரசியலிலிருந்து விலக்கப்பட்டார்கள். இன்னும் அமையாமல், 2021இலே அத்திருத்த மசோதாவிற் கையொப்பமிட்ட 44 உறுப்பினர்கள்மீதும் ஊழல் தடுப்பு ஆணைக்குழுவிலே முறைப்பாடு போயிற்று. அவ்வழியின் முடிவிலே வாழ்நாள் தடையும் விதிக்கப்படலாம்.

சட்டமன்றம் இயற்றிய ஒரு சட்டத்தைச் சட்டமன்றத்தின் மூலமே திருத்துவோம் என்பது ஆட்சிக் கவிழ்ப்பானால், சட்டமன்றம் எதற்கு?

ஒரு பக்கத்தாருக்கு மட்டும் நேரும் கேடு இது என்றும் எண்ணலாகாது. அதே தீராயுத், தக்சினும் பியூ தாய் கட்சியும் ஆட்சியைக் கவிழ்க்க முயல்கிறார்கள் என்று மனுச்செய்தார். 2024 நவம்பர் 22ஆம் நாள் நீதிமன்றம் அதனை ஏற்க மறுத்தது. அதே ஆண்டு ஆகஸ்ட் 14ஆம் நாள், மூதவையினர் நாற்பது பேரின் மனுவின்மீது, ஐவருக்கு நால்வர் என்ற மயிரிழைப் பெரும்பான்மையால் ஸ்ரெத்தா பதவி இழந்தார். முன்னர் நீதிமன்ற அவமதிப்புக்காக மறியல் இருந்த ஒருவரை மந்திரியாக்கினார் என்பது அவர்மீது சாட்டிய பிழை. அம்மந்திரியோ, நீதிமன்றம் மனுவை ஏற்பதற்கு முன்னரே பதவி துறந்து போயிருந்தார். 2025 ஆகஸ்ட் 29ஆம் நாள் பேதோங்தார்ன் ஷினவாத்ரா வீழ்ந்தார், கம்போடியத் தலைவர் ஹுன் சென்னோடு பேசிய தொலைபேசிப் பேச்சு வெளிப்பட்டமையால். சமக், கட்சி கலைக்கப்பட்டமையால் பதவியிழந்த சோம்சாய், ஓர் அதிகாரியை இடமாற்றியதற்காக 2014இலே நீக்கப்பட்ட யிங்லக், ஸ்ரெத்தா, பேதோங்தார்ன் என்று 2008 தொடக்கம் ஐந்து பிரதமர்கள் நீதிமன்றக் கட்டளையால் வீட்டுக்குப் போயிருக்கிறார்கள். 2019 தொடக்கம் 2024 வரை இருந்த மூதவையை இராணுவ ஆட்சி அமைத்தது. அரசியலமைப்பு நீதிபதிகள் ஒன்பதின்மருக்கும் அங்கீகாரம் வழங்கும் அதிகாரம் மூதவைக்கு உரியது. இச்சங்கிலியின் எந்தக் கண்ணியிலும் வாக்காளன் கை படவில்லை.

நகைப்புக்கும் குறைவில்லை. புதிய எதிர்காலக் கட்சி என்று பொருள்படும் அனாகோட் மாய் கட்சி, இலுமினாட்டி என்னும் இரகசியச் சங்கத்தோடு தொடர்புடையது, அதன் சின்னமே அதற்குச் சாட்சி என்று ஒரு சட்டத்தரணி மனுச்செய்தார். அரசியலமைப்பு நீதிமன்றம் அதனை உட்கார்ந்து விசாரித்து, 2020 ஜனவரி 21ஆம் நாள் கட்சியைக் குற்றமற்றதென விடுவித்தது. சரியாக ஒரு மாதத்தின் பின், பெப்ரவரி 21ஆம் நாள், தலைவரிடம் 19 கோடி பாட்டுக்கு மேற் கடன் வாங்கிய குற்றத்துக்காக அதே கட்சியை அதே நீதிமன்றம் கலைத்தது. ஒரு வாயிலில் தப்பியவரை மறு வாயிலிலே பிடிக்கலாமென்றால் எத்தனை வாயில்கள் திறந்திருக்கின்றன என்பதே கேள்வி. மனுதாரருக்கோ இழப்பொன்றுமில்லை. தோற்றால் செலவு கட்டவேண்டியதில்லை, வென்றால் வரலாறு. இவ்வாறு பெருகிய தொழிலிலே வேறு கணக்குகளும் நுழையத்தானே செய்யும்? 2024 ஜனவரியிலே புகழ்பெற்ற மனுதாரர் ஒருவர், ஓர் அதிகாரிமீது முறைப்பாடு கொடாமலிருக்கப் பணம் கேட்டார் என்ற சாட்டின்பேரிற் கைதானார். சாட்டு வேறு, தீர்ப்பு வேறு. ஆகையால் அதனைப் பற்றி மேலே எழுதேன்.

இனி மறுபக்கத்தையும் நோக்குதல் வேண்டும். முறையிடுவோனை இழித்துப் பேசுவது எனக்கு உடன்பாடன்று. பணமும் படையும் இல்லாதவனுக்கு மனுவொன்றே கைத்தடி. மந்திரிகளின் சொத்துக் கணக்கை உற்றுப் பார்த்துக் கேள்வி கேட்கும் ஒரு பிடிவாதக்காரன் எந்த நாட்டுக்கும் தேவை. நம் வரலாற்றிலேயே, சிங்களச் சோதனைக்குத் தோற்ற மறுத்தமையால் சம்பள உயர்வு நிறுத்தப்பட்ட ஓர் அரசாங்க எழுதுவினைஞர் கோடீஸ்வரன், தனி ஒருவராக முடிக்குரிய சட்டத்துறையோடு வழக்காடி, கொழும்பு மாவட்ட நீதிமன்றிலே வென்று, உயர் நீதிமன்றிலே தோற்று, பிரிவுக் கவுன்சில் வரையும் போனார். பாராளுமன்றத்திலே எண்ணிக்கையால் மிதிக்கப்பட்ட ஓரினத்துக்கு நீதிமன்றம் எவ்வளவு பெறுமதியானதென்பதை நாம் எவரிடமும் கற்கவேண்டியதில்லை. ஆனால் கோடீஸ்வரன் தம் சட்டைப்பையிலிருந்து பறிக்கப்பட்ட பணத்தைக் கேட்டார். தமக்கு நேர்ந்த தீங்கைச் சுட்டிக்காட்டி, தமக்கே பரிகாரம் கேட்டார். தாய்லாந்தின் 49ஆம் பிரிவிலே மனுதாரருக்குத் தீங்கொன்றும் இல்லை. கேட்கப்படும் பரிகாரம் மற்றவரின் அரசியல் மரணம். இவ்விரண்டையும் பெட்டிசம் என்ற ஒரே சொல்லால் அழைப்பது, வேலி அடைப்பதையும் வீடு கொளுத்துவதையும் ஒரே பெயரால் அழைப்பதற்கு ஒப்பாகும்.

இவ்வளவையும் ஒரு தமிழ்ப் பத்திரிகையிலே எழுதுவானேன் என்று கேட்பவர், நமது நாட்டு அரசியலமைப்பின் 157அ உறுப்புரையை எடுத்துப் பார்க்கக் கடவர். 1983 ஆகஸ்டிலே, எரிந்த கடைகளின் சாம்பல் ஆறுமுன் நிறைவேற்றப்பட்ட ஆறாவது திருத்தத்தால் உட்புகுத்தப்பட்டது அது. ஒரு கட்சி தனிநாடு அமைப்பதைத் தன் நோக்கங்களுள் ஒன்றாகக் கொண்டிருந்தால் அவ்வாறு பிரகடனஞ் செய்யுமாறு உயர் நீதிமன்றத்துக்கு விண்ணப்பிக்கலாம் என்கிறது அதன் 4ஆம் பந்தி. யார் விண்ணப்பிக்கலாம்? எவரேனும். பிரகடனஞ் செய்யப்பட்டால் அக்கட்சி தடைசெய்யப்பட்டதாகவே கருதப்படும். பாங்கொக்கிலே 2017இல் எழுதிய விதிக்கு முப்பத்து நான்கு ஆண்டு மூத்த உடன்பிறப்பு கொழும்பிலே இருக்கிறது.

அது உறங்கிக் கிடக்கவுமில்லை. 2014ஆம் ஆண்டு, இலங்கைத் தமிழரசுக் கட்சிக்கு எதிராக ஒருவர் அதன் கீழ் உயர் நீதிமன்றம் சென்றார். கட்சியின் யாப்பிலே 'சமஷ்டி' என்றிருந்த சொல் 'இணைப்பாட்சி' என மாற்றப்பட்டது, ஆகவே நோக்கம் தனிநாடு என்பது அவர் வாதங்களுள் ஒன்று. சமக்கின் 'ஊழியர்' போல, இங்கும் ஒரு கட்சியின் உயிர் ஒரு சொல்லின் பொருளிலே தொங்கியது. அதிலும், அச்சொல் தமிழ்ச் சொல். 2017 ஆகஸ்ட் 4ஆம் நாள், பிரதம நீதியரசர் பிரியசாத் டெப் அவர்களின் தலைமையிலான ஆயம், சமஷ்டி கோருவது பிரிவினை கோருவதாகாது எனத் தெளிவாகத் தீர்ப்பளித்து மனுவைத் தள்ளியது. 1949 தொட்டு தந்தை செல்வாவின் வழிவந்தோர் மேடைதோறும் சொன்ன ஒன்றை, அறுபத்தெட்டு ஆண்டின் பின் நாட்டின் அதியுயர் நீதிமன்றம் எழுத்திலே தந்தது. அத்தீர்ப்பை நம்மவர் போதியளவு எடுத்தாளவில்லை என்பது என் தனிக் குறை.

ஆனால் அன்று பாங்கொக்கின் நீதிபதிகள் போன்றவர்கள் அவ்வாயத்தில் இருந்திருப்பின்? தீர்ப்பு நல்லதாயிற்று என்பதால் விதி நல்லதாகிவிடாது. 2014 முதல் 2017 வரை, அக்கட்சி இரண்டு தேர்தல்களை, ஒரு ஜனாதிபதித் தேர்தலையும் ஒரு பொதுத் தேர்தலையும், அம்மனு தலைக்குமேல் தொங்கவே சந்தித்தது. யாழ்ப்பாணத்திலே வெங்காயம் நடும் கமக்காரன், தான் வாக்களிக்கும் கட்சி நாளை இருக்குமா என்பதைத் தான் ஒருபோதும் கண்டிராத ஒரு மனுதாரரின் ஊக்கத்திலே விட்டிருந்தான்.

நம்மவரும் இதிலே தூய்மையானவர்கள் என்று நான் எழுதினால் வாசகர் நகைப்பர். கட்சிக்குள்ளே பொதுச்சபை தீர்க்கவேண்டிய பிணக்குகளைத் தூக்கிக்கொண்டு மாவட்ட நீதிமன்றத்துக்கு ஓடும் வழக்கம் தமிழ்க் கட்சிகளிலும் வேரூன்றிவிட்டது. கறுப்பு அங்கி அணிந்த நாங்களே அதற்கு வழிகாட்டிகள். வாக்கெண்ணும் மேசையில் தோற்றதை வழக்கேட்டிலே வெல்லலாம் என்ற ஆசை பாங்கொக்கிலே எங்கு தொடங்கியது, எங்கு போய் முடிந்தது என்பதை மேலே கண்டோம்.

செய்யவேண்டியது யாதெனில், புதிய அரசியலமைப்பைப் பற்றி இனி எந்த அரசாங்கம் நம் பிரதிநிதிகளை அழைத்துப் பேசினாலும், அதிகாரப் பங்கீட்டைப் பேசும் அதே மேசையிலே 157அ உறுப்புரையின் 4ஆம் பந்தியையும் வைக்கவேண்டும். முழு உறுப்புரையையும் நீக்குக என்பது நமது கோரிக்கை. அது உடனே கைகூடாதெனின், குறைந்த அளவு 'எவரேனும்' என்ற சொல் அங்கிருந்து அகலவேண்டும், தேர்தல் அறிவித்த நாளிலிருந்து முடிவு வெளிவரும் வரை அத்தகைய மனு எதையும் ஏற்கலாகாது என்ற விதி சேரவேண்டும், ஆதாரமின்றி மனுச்செய்து தோற்றவர் எதிராளியின் செலவைக் கட்டவேண்டும். 2017ஆம் ஆண்டுத் தீர்ப்பின் தமிழாக்கத்தை அச்சிட்டு ஒவ்வொரு கிளைச் சங்கத்துக்கும் அனுப்பும் வேலையை அதற்குக் காத்திராமல் இப்போதே தொடங்கலாம். மொழிபெயர்க்கச் சட்டத்தரணிகள் வேண்டுமெனில், கூலியின்றி வர நான் ஆயத்தமாயிருக்கிறேன்.